காரணம் கூறாத உத்தரவு

(ஐயங்கார்குளத்திலும் அதைச் சூழ்ந்த கிராமங்களிலும் உள்ள கூட்டுறவுச் சங்க அங்கத்தினர்களுக்கான சொற்பொழிவு)



"தங்கள் மனு பரிசீலிக்கப்பட்டது, ஏற்பதற்கில்லை." இவ்விதம் ஒரே வரியில் எழுதப்பட்ட கடிதத்தைக் கண்டிராத குடும்பம் கிராமாந்தரங்களில் அநேகமாக இராது. பட்டா மாறுதலுக்கு மனுச் செய்தவர், ஏரிக் கலங்கலைப் பழுது பார்க்கும்படி கேட்டவர், பயிர்க் கடனுக்கு விண்ணப்பம் கொடுத்தவர், உதவித் தொகை நாடிய விதவை ஆகிய எல்லோருக்கும் இதே வரி கிடைக்கிறது. அதில் கையொப்பம் உண்டு, முத்திரை உண்டு, தேதியும் உண்டு; ‘ஏன்’ என்பதற்கு விடை மாத்திரம் கிடையாது. அதிகாரம் படைத்தவர்கள் தம் முடிவுக்குக் காரணம் கூறக் கடமைப்பட்டவர்களா, எந்த அளவுக்குக் கடமைப்பட்டவர்கள், அவர்கள் கூறாவிடில் குடியானவன் செய்யத் தக்கது யாது என்பவையே இங்கு எடுத்துக்கொள்ளப்பட்ட விஷயம்.

காரணம் கேட்பது வெறும் மான அவமானத்தைப் பற்றிய பேச்சு என்று சிலர் கருதுகிறார்கள். உண்மையில் அது பிழைப்பைப் பற்றியது. ஓர் உதாரணம் கொள்ளலாம். நவரைப் பட்டத்துக்கு நாற்று விட்டிருக்கும் ஓர் அங்கத்தினர் தம் சங்கத்தில் கடன் கேட்கிறார்; கடன் மறுக்கப்படுகிறது. பட்டா இன்னும் காலஞ்சென்ற தகப்பனார் பெயரில் இருப்பது மறுப்புக்குக் காரணமாக இருக்கலாம். அப்படியாயின் அவர் போகவேண்டிய இடம் தாலுகா காரியாலயம். பழைய பாக்கி நிலுவையில் இருப்பதாகக் கணக்கு காட்டலாம். அப்படியாயின் ரசீதைத் தேடி எடுத்துக் கணக்கைத் திருத்தவோ, பாக்கியைக் கட்டவோ வேண்டும். சங்கத்துக்கு அனுமதிக்கப்பட்ட தொகை தீர்ந்துபோயிருக்கலாம். அப்பொழுது வேறு பாங்கியை நாடுவதே வழி. இவை ஒன்றுமின்றி, நிர்வாகக் குழுவில் எவரோ ஒருவருக்கு அவர்மீதுள்ள மனஸ்தாபமே காரணமாகவும் இருக்கலாம். அதற்குப் பரிகாரம் அப்பீல்.

நோய் நான்கு, மருந்தும் நான்கு. ஆனால் நோயின் பெயரை வைத்தியர் சொல்ல மறுத்தால் எந்த மருந்தைத் தேடுவது? அந்த அங்கத்தினர் காரியாலயம் காரியாலயமாக அலைகிறார்; நாற்று அவருக்காகக் காத்திருப்பதில்லை. அது முற்றிய பின் நட்டால் தூர் கட்டாது. முடிவில் அவர் தனி லேவாதேவிக்காரரிடம் போய்க் கையை நீட்டுகிறார். கூட்டுறவு இயக்கம் எந்தக் கையிலிருந்து குடியானவனை மீட்க ஏற்பட்டதோ, ஊமை உத்தரவு ஒன்று அவனை அதே கையில் திரும்பக் கொண்டுபோய்ச் சேர்க்கிறது. மறுத்தது தவறு என்பது இங்கே வாதமன்று. அந்த மறுப்பு ஒருகால் முற்றிலும் நியாயமானதாகவே இருந்திருக்கலாம். அது நியாயமானது என்பதை அறியும் வழி அவருக்கு இல்லாமற்போனதே குறை.

அதிகாரத்தைக் கையாளும் விதத்தை யாவரும் அறியும்படி எழுதி வைக்கவேண்டும் என்னும் எண்ணம் இந்தப் பிரதேசத்துக்குப் புதியதன்று. ஐயங்கார்குளத்துக்குத் தெற்கேயுள்ள உத்திரமேரூரில், வைகுண்டப் பெருமாள் கோயிற் சுவரில், முதலாம் பராந்தக சோழனுடைய 12-ஆம், 14-ஆம் ஆட்சியாண்டுகளில், அதாவது கி.பி. 919, 921-ஆம் ஆண்டுகளில் வெட்டப்பட்ட இரண்டு சாசனங்கள் உள்ளன. ஊரின் 30 குடும்புகளிலிருந்தும் குடவோலை முறையில் ஆட்டை வாரியத்துக்கும் தோட்ட வாரியத்துக்கும் ஏரி வாரியத்துக்கும் ஆள் எடுக்கும் விதிகள் அவற்றில் விவரிக்கப்பட்டுள்ளன. பள்ளிப் பிள்ளைகளும் குடவோலையை அறிவார்கள். கூட்டுறவுச் சங்கத்தார் கவனிக்கத் தக்கது அதனினும் நுட்பமான வேறொரு பகுதி: யாருடைய பெயரைக் குடத்தில் இடலாகாது என்னும் ஜாபிதா. முன்பு வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவர், அவருடைய இன்னின்ன உறவினர், பொய்யோலை எழுதியவர், பிறர் பொருளை அபகரித்தவர், கடந்த மூன்று ஆண்டுக்குள் வாரியம் செய்தவர் என்று அது நீண்டு செல்கிறது. தள்ளப்பட்டவன் எதனால் தள்ளப்பட்டான் என்பதைக் கோயிற் சுவரில் விரல் வைத்துக் காட்டலாம். இன்ன விதி தன்னைப் பற்றாது என்று வாதாடவும் அவனுக்கு இடம் உண்டு.

ஓலை எடுக்கும் முறையும் அவ்விதமே அமைந்திருந்தது. வெறுங்குடத்தை எல்லோரும் காணும்படி உயர்த்திக் காட்டவேண்டும். உள்ளே இருப்பது இன்னதென்று அறியாத சிறுவனைக்கொண்டு ஓலையை எடுக்கவேண்டும். அதனை மத்தியஸ்தன் ஐந்து விரலும் விரித்த உள்ளங்கையில் வாங்கி உரக்க வாசிக்கவேண்டும். அங்குள்ள நம்பிமார் எல்லோரும் அதைத் திரும்ப வாசிக்கவேண்டும். ஐந்து விரலையும் விரிக்கச் சொன்னவர்கள் மனித சுபாவத்தை நன்கு அறிந்தவர்கள். எனினும் அந்தச் சபை நிலமும் வேதக் கல்வியும் உடைய பிராமண ஆண்களின் சபை என்பதை மறைக்கலாகாது. ஏரியில் மண் சுமந்தவனுக்கும் களை பறித்தவளுக்கும் அதில் இடம் இல்லை. அவர்கள் எதற்கும் காரணம் கேட்டிருக்க முடியாது. பழமையைப் பாராட்டுவோர் இந்தப் பாதியை மறந்துவிடுவது வழக்கமாயிருக்கிறது.

பிற்காலத்தில் இங்கிலீஷ்காரர் கொண்டுவந்த சட்ட முறையில் நீதிபதிகள் தீர்ப்புக்குக் காரணம் எழுதக் கடமைப்பட்டிருந்தார்கள். நிர்வாக உத்தியோகஸ்தர்களுக்கு அப்படிப்பட்ட பொதுவான கட்டுப்பாடு இருக்கவில்லை. இங்கிலாந்திலும் பொதுவான கடமை இன்றளவும் ஏற்படவில்லை. தனித்தனிச் சட்டங்களும் தனித்தனி வழக்குகளுமே அங்கே அதை ஆங்காங்கு விதித்திருக்கின்றன. இந்தியாவில் சுப்ரீம் கோர்ட்டு இந்த விஷயத்தில் அதிக தூரம் சென்றிருக்கிறது. அதன் படிகளில் சிலவற்றை அறிந்துகொள்வது அங்கத்தினர்களுக்கு உபயோகமாகும்.

முதற்படி ஒரு சினிமாக் கொட்டகையைப் பற்றியது. பம்பாயை அடுத்த அந்தேரியில் கொட்டகை கட்ட கோர்தன்தாஸ் பாஞ்சி என்பவருக்குப் போலீஸ் கமிஷனர் 1947 ஜூலையில் அனுமதி கொடுத்தார். செப்டம்பரில், அனுமதி ரத்து செய்யப்பட்டதைத் தெரிவிக்கும்படி சர்க்கார் தமக்குக் கட்டளையிட்டிருப்பதாக அதே கமிஷனர் எழுதினார். விதிப்படி ரத்து செய்யும் அதிகாரம் கமிஷனருக்கே உரியது. வழக்கு நடந்தபோது, அது தாமே யோசித்துச் செய்த முடிவு என்று பின்னிட்டு விளக்கம் தரப்பட்டது. 1951-இல் நீதிபதி விவியன் போஸ் அந்த விளக்கத்தை ஏற்கவில்லை. பொது அதிகாரி ஒருவர் வெளியிட்ட உத்தரவுக்கு, அதில் எழுதியிருக்கும் சொற்களைக்கொண்டே பொருள் காணவேண்டும். தம் மனத்தில் அன்று என்ன இருந்தது என்று அவர் பின்னால் கூறுவதைக்கொண்டு அன்று என்பது அவருடைய தீர்ப்பின் சாரம். "மேலிடத்து உத்தரவு" என்னும் சொல்லைக் கிராமங்களில் எத்தனை முறை கேட்டிருக்கிறார்கள்! யாருக்குச் சட்டம் அதிகாரம் கொடுத்ததோ அவரே தம் புத்தியைச் செலுத்தி முடிவு செய்யவேண்டும். காரணத்தை எழுதச் சொன்னால்தான் அவர் புத்தியைச் செலுத்தினாரா, பிறர் சொன்னதற்குத் தலையசைத்தாரா என்பது வெளிப்படும்.

அடுத்தது பலர் அறிந்த வழக்கு. 1977-இல் மேனகா காந்தியின் பாஸ்போர்ட்டை ஒப்படைக்கும்படி சர்க்கார் கேட்டபோது, காரணத்தை எழுதிக் கொடுக்கும்படி அவர் வேண்டினார். பொது நன்மையை உத்தேசித்துக் காரணம் தருவதற்கில்லை என்று பதில் வந்தது. ‘பொது நன்மை’ என்பது எந்தப் பூட்டுக்கும் பொருந்தும் சாவியாகிவிடக் கூடாது என்பதை 1978 ஜனவரித் தீர்ப்பு உணர்த்தியது. ஒருவருடைய உரிமையைப் பறிக்கும் நடைமுறை நியாயமானதாகவும் தகுதியுடையதாகவும் இருத்தல் வேண்டும் என்றும், பாதிக்கப்படுவோர் தம் பட்சத்தைச் சொல்லச் சந்தர்ப்பம் பெறவேண்டும் என்றும் அதில் நிலைநாட்டப்பட்டது.

இவ்விஷயத்தை நேராக எடுத்து முடிவு கட்டியது எஸ்.என். முகர்ஜி என்னும் ராணுவ அதிகாரியின் வழக்கு. 1990 ஆகஸ்டில் ஐந்து நீதிபதிகள் அடங்கிய அரசியல் சட்ட பெஞ்சு தீர்ப்புக் கூறியது. பிறருடைய உரிமைகளை நீதிபதியைப்போல் விசாரித்து முடிவு செய்யும் நிர்வாக அதிகாரி, வழக்கு அப்பீலுக்குப் போகக்கூடியதாயினும் போகக்கூடாததாயினும், தம் முடிவுக்குக் காரணம் எழுதவேண்டும். சட்டமே வெளிப்படையாகவோ குறிப்பாகவோ விலக்கியிருந்தால் மாத்திரம் எழுதவேண்டியதில்லை என்பது அதன் முடிபு. காரணம் எழுதுவதால் மேல் அதிகாரிக்குச் சோதிக்க வசதி ஏற்படுகிறது; தான்தோன்றித்தனம் குறைகிறது; முடிவில் தெளிவு பிறக்கிறது. கோர்ட்டுத் தீர்ப்பைப்போல் பக்கம் பக்கமாக எழுதவேண்டும் என்பதில்லை. விஷயத்தைக் கவனித்தே முடிவு செய்யப்பட்டது என்று விளங்கும் அளவுக்கு எழுதினால் போதும். கீழ் அதிகாரி கூறிய காரணத்தை அப்பீல் அதிகாரி அப்படியே ஒப்புக்கொண்டால் தனியாகத் திரும்ப எழுதவேண்டிய அவசியமும் இல்லை. ராணுவ நீதிமன்ற முடிவை ஊர்ஜிதம் செய்யும் அதிகாரிக்கு இக்கடமையை ராணுவச் சட்டம் விலக்கியிருக்கிறது என்று கோர்ட்டு கருதியபடியால், முகர்ஜிக்கு அதனால் லாபம் கிட்டவில்லை. தாம் தோற்று, பிறருக்குப் பாதை போட்டுக் கொடுத்தார்.

காரணம் எழுதச் சொன்னால் உத்தியோகஸ்தர்கள் சில ஆட்சேபங்களைக் கூறுவதுண்டு. வேலை பெருகும் என்பது ஒன்று. நாள்தோறும் நூற்றுக்கணக்கான மனுக்களைப் பார்க்கும் குமாஸ்தாவின் கஷ்டத்தை ஒதுக்கிவிட முடியாது. ஆனால் காரணம் தெரியாதவன் அதே மனுவை மறு மாதமும் கொடுக்கிறான், கலெக்டரின் குறை தீர்க்கும் நாளிலும் கொடுக்கிறான், ஜமாபந்தியிலும் கொடுக்கிறான். ஒரு தடவை மூன்று வரி எழுதியிருந்தால் இந்த மூன்று மனுவும் மிச்சமாயிருக்கும். காரணத்தை எழுதினால் அதைப் பிடித்துக்கொண்டு வழக்காடுவார்கள் என்பது மற்றொன்று. இதில் உண்மை இல்லாமல் இல்லை. தவறான காரணம் நிச்சயமாக வழக்கில் அகப்படும். அகப்படவேண்டியதுதானே! துப்புக் கொடுத்தவர் பெயரை வெளியிட முடியாது, தேசப் பாதுகாப்புச் சம்பந்தப்பட்டது போன்ற விலக்குகள் நியாயமானவை; அவற்றைச் சட்டங்களே தனித்தனியாகக் கூறுகின்றன. ஏரி மராமத்துக்கும் மாட்டுக் கடனுக்கும் தேசப் பாதுகாப்புக்கும் சம்பந்தம் அபூர்வம்.

காரணம் என்று பெயர் வைத்துக்கொண்டு வருவதெல்லாம் காரணமாகிவிடாது. "விதிகளில் இடமில்லை" என்பது முடிவையே வேறு சொற்களில் சொல்வதாகும். எந்த விதி, அந்த விதி எதைக் கேட்கிறது, இந்த மனுதாரர் விஷயத்தில் நடந்தது என்ன, இரண்டும் எவ்விடத்தில் பொருந்தாமற்போயின என்று தெரியவேண்டும். "துணைவிதி இன்னதன்படி தவணை தவறிய பாக்கி உள்ளவருக்குப் புதுக் கடன் இல்லை, தங்கள் பெயரில் இன்ன தேதிய கடனில் இவ்வளவு ரூபாய் நிலுவை, ஆகையால் கடன் வழங்கப்படவில்லை." இதற்கு மேல் அலங்காரம் வேண்டியதில்லை. இதைப் பெற்றுக்கொண்டவர் ரசீதுடன் மறுநாளே வந்து கணக்கைத் திருத்தலாம். அல்லது தம் தவற்றை உணர்ந்து வீட்டுக்குப் போகலாம்.

சர்க்கார் ஒரு பெருங்கொள்கையை வகுக்கும்போதும் காரணம் கேட்க முடியும் என்பதற்குத் தமிழ்நாட்டுக் கூட்டுறவுச் சங்கங்களிலிருந்தே ஒரு வழக்குப் பிறந்தது. 2016-ஆம் ஆண்டு மே, ஜூன் மாதங்களில் வெளியான அரசாணைகளின்படி, கூட்டுறவுச் சங்கங்களில் சிறு, குறு விவசாயிகள் வாங்கியிருந்த கடன் தள்ளுபடி செய்யப்பட்டது. இரண்டரை ஏக்கர் வரை உள்ளவர் குறு விவசாயி. அதற்கு மேல் ஐந்து ஏக்கர் வரை உள்ளவர் சிறு விவசாயி. சுமார் 17 லட்சம் பேருடைய சுமார் 5,780 கோடி ரூபாய்க் கடன் இதில் அடங்கியது. ஐந்தே கால் ஏக்கர் வைத்திருப்பவர், அதே வறட்சியில் அதே பயிரை இழந்திருந்தும், ஒரு காசும் பெறவில்லை. வெள்ளமும் வறட்சியும் ஏக்கர் பார்த்தா வருகின்றன என்று விவசாயிகள் சங்கம் ஒன்று கேட்டது. மதுரையிலுள்ள ஹைக்கோர்ட்டு பெஞ்சு 2017 ஏப்ரலில் அந்த வாதத்தை ஏற்று, எல்லா விவசாயிகளுக்கும் சலுகையை விஸ்தரிக்கும்படி உத்தரவிட்டது. சர்க்கார் சுப்ரீம் கோர்ட்டுக்குச் சென்றது.

அங்கே கேட்கப்பட்டதும் இதே ‘ஏன்’ தான். ஐந்து ஏக்கரில் கோடு இழுத்ததற்கு நியாயம் என்ன? சிறு நிலக்காரன் வறுமையில் ஆழ்ந்தவன். நஷ்டம் வந்தால் தாங்கிக்கொள்ள அவனிடம் சேமிப்பு இல்லை. ஸ்தாபனங்களிலிருந்து கடன் பெறும் வசதியும் அவனுக்குக் குறைவு. ஆகையால் கிடைத்த பணத்தை அவனுக்கு முதலில் கொடுப்பது பொருத்தம் என்று காட்டப்பட்டது. 2021 நவம்பரில் நீதிபதி சந்திரசூட் தலைமையிலான பெஞ்சு இந்தக் காரணத்தை அரசியல் சட்டத்தின் 14-ஆவது ஷரத்தோடும், ஏற்றத்தாழ்வுகளைக் குறைக்கச் சொல்லும் 38-ஆவது ஷரத்தோடும் ஒத்துப்பார்த்து, சர்க்கார் வகுத்த பாகுபாடு செல்லும் என்று முடிவு கூறியது. தேர்தல் வாக்குறுதியை நிறைவேற்றுவதற்காக வந்த திட்டம் என்ற ஒன்றே அதைக் குற்றமாக்கிவிடாது என்பதும் அதில் சொல்லப்பட்டது. ஐந்தே கால் ஏக்கர்க்காரருக்கு அதில் திருப்தி இராது. இருக்கவேண்டும் என்று எதிர்பார்ப்பதும் நியாயமன்று. ஆனால் தமக்குக் கிடைக்காதது எதனால் என்று அவர் அறிவார்; அதை ஏற்பதும் அடுத்த தேர்தலில் மறுப்பதும் அவருடைய விருப்பம்.

காரணத்தைப் பெற்றவுடன் வெற்றியும் கைக்கு வந்துவிடும் என்று எண்ணலாகாது. இங்கிலாந்தில் பால் உற்பத்தியாளர்கள் தொடுத்த வழக்கு ஒன்றை இதற்குச் சொல்லலாம். அங்கே பால் முழுவதும் ஒரு வாரியத்தின் மூலமே விற்கப்பட்டது. பிராந்தியத்துக்குப் பிராந்தியம் விலை வித்தியாசம் உண்டு. லண்டன் பட்டணத்தை அடுத்த தென்கிழக்குப் பிராந்தியத்தார், வண்டிச் செலவு ஏறிப்போன பின்பும் தங்களுக்குரிய வித்தியாசம் பழைய அளவிலேயே நிற்கிறது என்று முறையிட்டார்கள். அந்த முறையீட்டை விசாரணைக் கமிட்டிக்கு அனுப்ப விவசாய மந்திரி மறுத்துவிட்டார். பாட்ஃபீல்ட் வழக்கு என்று பெயர் பெற்ற அதில் 1968-இல் பிரபுக்கள் சபை கொடுத்த தீர்ப்பு பிரசித்தமானது: சட்டம் எந்த நோக்கத்துக்காக அதிகாரத்தைக் கொடுத்ததோ அந்த நோக்கத்தைக் கெடுக்கும் வகையில் அதனை உபயோகிக்கக் கூடாது, காரணமே கூறாமலிருந்து தப்பவும் முடியாது, எல்லாம் ஒரு பக்கமே சாய்ந்திருக்க மந்திரி மௌனம் சாதித்தால், நல்ல காரணம் அவரிடம் இல்லை என்று கோர்ட்டு ஊகித்துக்கொள்ளலாம். முறையீடு கமிட்டிக்குப் போயிற்று. கமிட்டியும் பால்காரர்கள் பக்கமே சொல்லிற்று. மந்திரியோ அதை நிறைவேற்ற இணங்கவில்லை. ஆனால் அந்தத் தடவை அவர் தம் மறுப்பை யாவரும் காண வெளியில் நின்று சொல்லவேண்டியிருந்தது.

இதுவரை சர்க்காரின் கடமை பேசப்பட்டது. சங்கத்தின் கடமை இதனினும் கிட்டத்தில் இருப்பது. ஆகவே சற்றுக் கசப்பாகவும் இருக்கும். பழைய செங்கற்பட்டு ஜில்லாவுக்கு இவ்விஷயத்தில் ஒரு பெருமை உண்டு. 1904-ஆம் ஆண்டுக் கூட்டுறவுக் கடன் சங்கச் சட்டம் பிறந்த அதே வருஷத்தில், ஆகஸ்டில் திரூரில் விவசாயக் கடன் சங்கமும், அக்டோபரில் காஞ்சீபுரத்தில் நகரக் கடன் சங்கமும் ரிஜிஸ்தர் செய்யப்பட்டன. காஞ்சீபுரத்துச் சங்கம் இந்தியாவிலேயே அந்த வகையில் முதலாவது. ஒருவரையொருவர் அறிந்தவர்கள் ஒன்று கூடித் தங்கள் பணத்தைத் தாங்களே நிர்வகிப்பது என்பது அதன் அஸ்திவாரம். அறிந்தவர்களிடையே காரணம் சொல்வது எளிது என்று தோன்றும். அனுபவத்தில் அதுவே கஷ்டமாயிருக்கிறது. "உனக்குத் தெரியாததா?" என்று சொல்லி அனுப்பிவிடுகிறார்கள். எதிர்வீட்டுக்காரரின் மகளுக்குக் கல்யாணம் பேசிக்கொண்டிருக்கும்போது அவருடைய கடன் விண்ணப்பத்தை மறுத்து எழுத எவருக்கும் கை வருவதில்லை. எழுதாமல் இழுத்தடிப்பதைத் தயவு என்று நினைக்கிறார்கள்.

நிர்வாகக் குழுவினர் தங்களுக்கு மேலுள்ளவர்களிடம் காரணம் கேட்கும் சமயம் வருகிறது. குழுவைக் கலைத்துத் தனி அதிகாரியை நியமிக்கும் அதிகாரம் ரிஜிஸ்திராருக்கு உண்டு. 1983-ஆம் ஆண்டுத் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கச் சட்டத்திலும், குழுவினர் தம் பட்சத்தைக் கூறச் சந்தர்ப்பம் கொடுத்த பின்னரே எழுத்து மூலமான உத்தரவால் கலைக்க முடியும். மத்தியப் பிரதேசத்தில் பன்னா ஜில்லாக் கூட்டுறவு மத்தியப் பாங்கியின் டைரக்டர் குழுவை அங்குள்ள இணை ரிஜிஸ்திரார் கலைத்தார். சட்டப்படி முன்னதாக ரிசர்வ் பாங்கியைக் கலந்து ஆலோசித்திருக்க வேண்டும். அது முறையாக நடைபெறவில்லை. 2013-இல் சுப்ரீம் கோர்ட்டு அந்தக் கலைப்பு செல்லாது என்றும், குழுவை மீண்டும் அமர்த்தவேண்டும் என்றும் தீர்ப்பளித்தது. அரசியல்வாதிகளின் விருப்பத்துக்கு இணங்கி ரிஜிஸ்திரார்கள் நடத்தலாகாது என்று கண்டிப்பாகவும் எச்சரித்தது. கலைக்கப்படும்போது காரணம் கேட்கும் உரிமை குழுவுக்கு உண்டென்றால், கடன் மறுக்கப்படும் அங்கத்தினனுக்கும், சேர விரும்பிச் சேர்க்கப்படாத கூலிக்காரப் பெண்ணுக்கும் அது இல்லையென்று எந்த வாயால் சொல்வது? ஆகவே தீர்மானப் புஸ்தகத்தில் மறுக்கப்பட்ட ஒவ்வொரு விண்ணப்பத்துக்கும் எதிரே காரணத்தை எழுதுவதும், அதன் நகலை ஒரு வாரத்துக்குள் அவருக்குக் கொடுப்பதும் வழக்கத்துக்கு வரவேண்டும். வாசிக்கத் தெரியாதவருக்குக் காரியதரிசி வாசித்துக் காட்டுவதும் அதில் அடங்கும்.

இனி, காரணம் கொடுக்கப்படாதபோது செய்யத் தக்கது. தமிழ்நாடு 1997-லேயே தகவல் உரிமைக்கென ஒரு சட்டம் செய்தது. ஆனால் அதில் விலக்குகள் மிகுதி. 2005-ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டமே இப்பொழுது கையில் உள்ள கருவி. தங்கள் நிர்வாக முடிவுகளுக்குரிய காரணங்களைப் பாதிக்கப்பட்டவர்களுக்குப் பொது அதிகார அமைப்புகள் தரவேண்டும் என்று அதன் 4-ஆவது பிரிவு விதிக்கிறது. மனு எழுதுகிறவன் தனக்கு அத்தகவல் எதற்கு வேண்டும் என்று சொல்லவேண்டியதில்லை என்பது 6-ஆவது பிரிவு. மறுக்கும் உத்தியோகஸ்தர் மறுப்புக்குக் காரணமும், அப்பீல் செய்யும் கெடுவும், அப்பீல் அதிகாரி யார் என்பதும் எழுதவேண்டும் என்பது 7-ஆவது பிரிவு. குடியானவன் காரணம் கூறவேண்டாம், அதிகாரி கூறவேண்டும்! நெடுங்காலமாக இருந்த வழக்கம் இங்கே தலைகீழாக்கப்பட்டிருக்கிறது. கட்டணம் 10 ரூபாய். பதிலுக்குக் கெடு 30 நாள். திருப்தி இல்லாவிடில் 30 நாளுக்குள் முதல் அப்பீல். அதன்மேல் 90 நாளுக்குள் தகவல் ஆணையத்துக்கு இரண்டாம் அப்பீல். அப்பீலில், மறுத்தது சரியே என்று நிரூபிக்கும் பொறுப்பு மறுத்தவருடையது.

கூட்டுறவுச் சங்கம் இச்சட்டத்தில் அடங்குமா என்ற கேள்வி கேரளத்துத் தலப்பலம் சேவைக் கூட்டுறவுப் பாங்கி வழக்கில் எழுந்தது. சர்க்காரின் கணிசமான பண உதவியோ ஆழ்ந்த கட்டுப்பாடோ இல்லாத சங்கம் பொது அதிகார அமைப்பு ஆகாது என்று 2013 அக்டோபரில் சுப்ரீம் கோர்ட்டு கூறியது. ஆனால் ரிஜிஸ்திரார் அதில் அடங்குவார். சங்கத்திடமிருந்து சட்டப்படி அவர் வரவழைத்துப் பெறக்கூடிய தகவலை அவரிடம் கேட்டுப் பெறலாம் என்றும் அதே தீர்ப்புக் காட்டியது. நேர் வாசல் அடைத்திருந்தால் பக்க வாசல் வழியாகப் போகலாம் என்பது பொருள்.

இக்கருவிக்கு ஓர் எல்லை உண்டு. அதை அறியாமல் ஏமாந்தவர் பலர். ஐயங்கார்குளத்து நடவாவிக் கிணற்றைப் பார்த்தவர்களுக்கு இது எளிதில் விளங்கும். மற்றக் காலங்களில் தண்ணீரில் மூழ்கியிருக்கும் அதன் மண்டபம், சித்ரா பௌர்ணமியன்று காஞ்சி வரதராஜப் பெருமாள் எழுந்தருளுவதற்காக நீரை இறைத்த பின்னரே தெரிகிறது. மண்டபம் இருப்பதால்தான் இறைத்தவுடன் தெரிகிறது. காரியாலயக் கட்டில் காரணம் எழுதப்பட்டிருந்தால் தகவல் சட்டம் அதை வெளியே கொண்டுவரும். எழுதப்படாத காரணத்தைப் புதிதாக எழுதிக் கொடுக்கும்படி அச்சட்டத்தின் மூலம் கேட்க முடியாது. கட்டில் இருப்பதையே தரவேண்டும், இல்லாததை உண்டாக்கித் தரவேண்டியதில்லை என்று 2011-இல் சி.பி.எஸ்.இ. பரீட்சைப் புஸ்தக வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு தெளிவுபடுத்தியிருக்கிறது.

ஆதலின் பின்னால் தேடுவதைவிட முன்னாலேயே கேட்பது மேல். விண்ணப்பம் கொடுக்கும் தினத்திலேயே, "மறுக்கும் பட்சத்தில் காரணத்தையும் சம்பந்தப்பட்ட விதியையும் எழுத்து மூலம் தெரிவிக்க வேண்டுகிறேன்" என்று அதன் கடைசி வரியில் எழுதிவிடலாம். ரசீது வாங்காமல் விண்ணப்பம் கொடுக்கலாகாது. வாய்மொழியாக மறுப்பவரிடம் சச்சரவிடாமல், இன்ன தேதியில் இன்னாரால் இவ்விதம் சொல்லப்பட்டது என்று அன்றே ஒரு கடிதம் எழுதிப் பதிவுத் தபாலில் அனுப்பிவிடவேண்டும். உத்தரவு வந்த உறையையும் எறியக் கூடாது. அப்பீல் கெடு பெரும்பாலும் உத்தரவு கைக்குக் கிடைத்த தேதியிலிருந்து கணக்காவதால், அந்தத் தேதிக்குச் சாட்சி தபால் முத்திரையே. நவரை நாற்றங்காலுக்கு விதை தெளிப்பதற்கு ஒரு மாதம் முன்னதாகவே கடன் விண்ணப்பங்களைப் பெற்று முடிவு செய்யும் சங்கத்தில், மறுக்கப்பட்டவருக்கும் காகிதத்தைச் சரிசெய்துகொண்டு திரும்பி வர நாள் இருக்கும்.